அரசாங்கத்தின் அதிகாரத்துக்கு எல்லை எது?



"நான் ஒரு குற்றமும் செய்யாதவன், சர்க்காரைக் கண்டு எனக்கென்ன பயம்?" என்று நம்மில் பலர் சொல்வதுண்டு. "எல்லாவற்றையும் சர்க்காரே பார்த்துக்கொள்ளட்டும்" என்பாரும் உண்டு. "சர்க்கார் என்றாலே தொல்லைதான்" என்று அலுத்துக்கொள்வாரும் உண்டு. இந்த மூன்று பேச்சுக்கும் அடியில் இருப்பது ஒரே குறைதான். அரசாங்கம் எதற்காக இருக்கிறது, அதன் அதிகாரம் எது வரைக்கும் செல்லும் என்பதை மூவரும் யோசித்துப் பார்க்கவில்லை. இந்த வாரப் பாடத்தில் அதைத்தான் ஆராயப் போகிறோம். கட்சி பேசுவது நம் நோக்கமல்ல. எந்தக் கட்சி ஆண்டாலும் பொருந்துகிற நீதி எதுவென்று அறிவதே நோக்கம்.

1. அதிகாரம் எதற்காக?

மனிதன் தனித்து வாழச் சிருஷ்டிக்கப்பட்டவன் அல்ல. பலர் கூடி வாழும் இடத்தில் வழி நடத்த ஒரு தலைமை வேண்டும். இல்லாவிட்டால் வலுத்தவன் சொன்னதே சட்டமாகிவிடும். ஏழையும் விதவையும் அநாதையும் மிதிபடுவார்கள். ஆகையால் அதிகாரம் என்பது சர்வேசுரனுடைய ஏற்பாடு என்று திருச்சபை போதிக்கிறது. நியாயமான சட்டத்துக்குக் கீழ்ப்படிவது போலீஸ்காரருக்குப் பயந்து செய்கிற காரியமல்ல, மனச்சாட்சியின் கடமை. வரியை ஏய்க்கிறவனும், லஞ்சம் கொடுத்துப் பிறர் உரிமையைத் தட்டிப் பறிக்கிறவனும் பாவம் செய்கிறான்.

அப்படியானால் அதிகாரி சொல்வதெல்லாம் சட்டமா? அல்ல. 13-ம் நூற்றாண்டில் வாழ்ந்த வேதசாஸ்திரியாகிய அர்ச். தோமாஸ் அக்குயினாஸ், சட்டத்துக்கு நான்கு இலட்சணங்கள் வேண்டும் என்று கற்பித்தார். அது பகுத்தறிவுக்கு ஒத்ததாயிருக்க வேண்டும். பொது நன்மையை நாட வேண்டும். சமூகத்தின் பொறுப்பை ஏற்றிருப்பவரால் விதிக்கப்பட வேண்டும். எல்லோரும் அறியும்படி வெளியிடப்பட வேண்டும். இவற்றில் மூன்றாவதை மட்டும் கையில் வைத்துக்கொண்டு, "நான் பதவியிலிருக்கிறேன், ஆகவே நான் நினைத்ததே சட்டம்" என்று ஒருவர் சொல்வாரானால், அவர் சட்டத்தின் பெயரால் பலாத்காரம் செய்கிறார்.

ஓர் உதாரணம் சொல்லுகிறேன். நமது கண்மாய்ப் பாசனத்தில் நீர்ப்பாய்ச்சி என்று ஒருவரை ஊரார் நியமிப்பது வழக்கம். மடையைத் திறப்பதும் அடைப்பதும் அவர் பொறுப்பு. எந்த வயலுக்கு எத்தனை நாழிகை தண்ணீர் என்பதை அவர்தான் பார்த்து விடுகிறார். பெரிய மிராசுதாரரும் அவர் சொல்லுக்குக் கட்டுப்பட வேண்டும். ஆனால் அந்த நீர்ப்பாய்ச்சி ஒரு வீட்டுக்குள் வந்து, "இன்று என்ன சமைக்கிறாய்? உன் மகளை யாருக்குக் கொடுக்கப் போகிறாய்?" என்று கேட்க முடியுமா? முடியாது. ஊர்த் தண்ணீரையெல்லாம் தன் வயலுக்குத் திருப்பிக்கொள்ளத்தான் முடியுமா? அதுவும் முடியாது. தண்ணீரைப் பங்கிடுவதற்காகவே அவருக்கு அதிகாரம் கொடுக்கப்பட்டது. எதற்காகக் கொடுக்கப்பட்டதோ அதுவே அதற்கு எல்லை.

2. மூன்று வேலிகள்

அரசாங்கம் தாண்டக் கூடாத வேலிகள் முக்கியமாக மூன்று.

முதலாவது, மனச்சாட்சி. வரி கொடுக்கலாமா என்று கேட்டவர்களிடம் நமது ஆண்டவர் ஒரு நாணயத்தைக் காட்டச் சொல்லி, அதில் யாருடைய உருவம் இருக்கிறது என்று வினவியதை அறிவீர்கள். நாணயத்தில் இராயனுடைய உருவம். ஆகவே அது அவனைச் சேரலாம். மனிதனிலோ சர்வேசுரனுடைய சாயல் இருக்கிறது. ஆகையால் மனிதன் முழுவதையும் கேட்க எந்த இராயனுக்கும் உரிமை கிடையாது.

இந்த வேலி நமக்கு மட்டும் உரியதென்று நினைக்கலாகாது. 1985-ம் ஆண்டு கேரளத்தில், யெகோவாவின் சாட்சிகள் என்ற பிரிவைச் சேர்ந்த மூன்று பிள்ளைகள் பள்ளிக்கூடத்திலிருந்து நீக்கப்பட்டார்கள். தேசிய கீதம் பாடப்பட்டபோது அவர்கள் மரியாதையோடு எழுந்து நின்றார்கள். ஆனால் தங்கள் விசுவாசத்தின் காரணமாக வாய் திறந்து பாடவில்லை. அதுதான் அவர்கள் மேல் சொல்லப்பட்ட குற்றம். 1986 ஆகஸ்டில் சுப்ரீம் கோர்ட்டு, பிள்ளைகளை நீக்கியது அரசியல் சட்டத்துக்கு விரோதம் என்று தீர்ப்பளித்தது. நாம் தேசிய கீதத்தை மனமுவந்து பாடுகிறவர்கள். அவர்களுடைய கொள்கை நமக்குச் சம்மதமல்ல. ஆனாலும் அந்தத் தீர்ப்பை நாம் வரவேற்க வேண்டும். பிறருடைய மனச்சாட்சி தவறுகிறதென்று நாம் எண்ணினாலும், பலவந்தத்தால் அதைத் திருத்தலாகாது. இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1965-ம் ஆண்டு மதச் சுதந்திரத்தைப் பற்றி வெளியிட்ட சாசனத்தின் போதனையும் இதுவே.

இரண்டாவது வேலி, குடும்பமும் அதைச் சூழ்ந்த சிறு சபைகளும். 1891-ம் ஆண்டு பாப்பரசர் 13-ம் சிங்கராயர் தொழிலாளர் பிரச்சினையைப் பற்றி எழுதிய நிருபத்தில், தனி மனிதனும் குடும்பமும் இராஜ்யத்துக்கு முந்தியவை என்று எடுத்துக்காட்டினார். நாற்பது ஆண்டுகளுக்குப் பின், 1931-ல், பாப்பரசர் 11-ம் பத்திநாதர் அதையே விரித்து ஒரு விதியாக வகுத்தார். தனி மனிதனும் குடும்பமும் சிறு சங்கங்களும் தாங்களே செய்யக்கூடியதை, பெரிய ஸ்தாபனம் பறித்துக்கொள்வது அநீதி என்பது அந்த விதி. அவர் எழுதிய காலத்தில் இத்தாலியில் முசோலினியின் ஆட்சி நடந்தது. எல்லாம் இராஜ்யத்துக்குள்ளே, இராஜ்யத்துக்கு வெளியே ஒன்றுமில்லை என்பது அந்த ஆட்சியின் கொள்கை. அதே 1931-ல் அந்த ஆட்சி கத்தோலிக்க வாலிபர் சங்கங்களைக் கலைத்தது. பாப்பரசர் சும்மா இருக்கவில்லை; அதைக் கண்டித்து இன்னொரு நிருபம் எழுதினார்.

அரசாங்கம் ஒன்றுமே செய்யக் கூடாது என்பதல்ல இதன் பொருள். வெள்ளம் வந்தால் ஒரு தெருவார் கூடி அணை கட்ட முடியாது. கூலியைக் குறைத்து வயிற்றிலடிக்கும் முதலாளியை ஒரு தனித் தொழிலாளி தட்டிக்கேட்க முடியாது. அங்கே அரசாங்கம் வரவேண்டும். ஆனால் உதவி செய்வது வேறு, பறித்துக்கொள்வது வேறு.

மூன்றாவது வேலி, மனிதனுடைய உயிரும் உடலும். சட்டப்படி காரணம் காட்டாமல் ஒருவரைப் பிடிக்கவோ, அடைக்கவோ, அடிக்கவோ அரசாங்கத்துக்கு உரிமையில்லை. இந்த வேலி உடைந்தால் மற்ற இரண்டும் நில்லா. நம் தேசத்திலேயே அது உடைந்த ஒரு காலம் உண்டு.

3. உடைந்த வேலி

1975-ம் ஆண்டு ஜூன் 25-ந் தேதி இரவு, பிரதம மந்திரி இந்திரா காந்தியின் ஆலோசனைப்படி ஜனாதிபதி பக்ருதீன் அலி அகமது நெருக்கடி நிலையைப் பிரகடனம் செய்தார். உள்நாட்டுக் குழப்பம் என்பது சொல்லப்பட்ட காரணம். 1977 மார்ச் 21 வரையில், ஏறக்குறைய 21 மாதம் அது நீடித்தது. பத்திரிகைகளுக்குத் தணிக்கை வந்தது. 1971-ம் ஆண்டின் மிசா சட்டம் திருத்தப்பட்டு, ஒருவரை ஏன் பிடித்தோம் என்று அவருக்கே சொல்ல வேண்டியதில்லை என்றாயிற்று. மிசாவிலும் பாதுகாப்பு விதிகளிலும் காவலில் வைக்கப்பட்டவர்கள் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் என்பதைப் பின்னர் ஷா கமிஷனின் அறிக்கை காட்டியது. தமிழ்நாட்டில் 1976 ஜனவரி 31-ந் தேதி மந்திரி சபை கலைக்கப்பட்ட பின் பலர் சென்னை மத்திய சிறையில் அடைக்கப்பட்டார்கள். அங்கே நடந்த அடி உதையைப் பற்றி விசாரிக்க நீதிபதி எம்.எம். இஸ்மாயில் தலைமையில் ஒரு கமிஷன் பின்பு நியமிக்கப்பட்டது.

"அதெல்லாம் அரசியல்வாதிகளுக்கு வந்த கஷ்டம், ஏழைக்கு என்ன?" என்று கேட்பீர்களானால், பதில் இருக்கிறது. 1976-77 ஓராண்டில் மட்டும் நாடெங்கும் 80 லட்சத்துக்கு மேற்பட்ட குடும்பக் கட்டுப்பாட்டு ஆபரேஷன்கள் நடந்தன. வட மாநிலங்கள் சிலவற்றில் பள்ளி ஆசிரியர்களுக்கு, இத்தனை பேரைக் கொண்டுவர வேண்டும் என்று கணக்கு விதித்தார்கள். கணக்கு நிறையாவிட்டால் சம்பளம் நின்றது. ஆபரேஷன் மேஜைக்கு இழுத்துச் செல்லப்பட்டவர்கள் பெரும்பாலும் ஏழை எளியவர்களே. பணக்காரனுக்குச் சிபாரிசு உண்டு. ஏழைக்குச் சட்டம் ஒன்றே துணை. அந்தத் துணை போனபோது அவனுடைய உடலும் அவனுக்குச் சொந்தமில்லாமல் போயிற்று. வேலியே பயிரை மேய்ந்தது.

4. ஒரு தகப்பனாரின் கேள்வி

1976 மார்ச் 1-ந் தேதி, கோழிக்கோட்டில் பொறியியல் படித்துவந்த ஒரு மாணவனைப் போலீசார் கல்லூரியிலிருந்து பிடித்துச் சென்றார்கள். ஒரு போலீஸ் ஸ்டேஷன் தாக்கப்பட்டதைத் தொடர்ந்து நடந்த தேடுதல் அது. மகன் எங்கே என்று தகப்பனார் அதிகாரிகளிடம் கேட்டார், மந்திரிகளிடமும் கேட்டார். மனுமேல் மனு எழுதினார். பதில் இல்லை.

இப்படிப்பட்ட தகப்பனாருக்காகவே சட்டத்தில் ஒரு வழி உண்டு. அதற்கு ஆட்கொணர்வு மனு, அதாவது ஹேபியஸ் கார்ப்பஸ், என்று பெயர். "நீங்கள் பிடித்துவைத்திருக்கும் ஆளை எங்கள் முன் கொண்டுவாருங்கள், எந்தச் சட்டப்படி பிடித்தீர்கள் என்று சொல்லுங்கள்" என்று ஐகோர்ட்டு சர்க்காருக்கே உத்தரவிடும். ஆனால் அப்போது அந்தக் கதவு அடைபட்டிருந்தது. 1976 ஏப்ரல் 28-ந் தேதி சுப்ரீம் கோர்ட்டின் ஐந்து நீதிபதிகளில் நால்வர் ஒரு தீர்ப்பு அளித்தார்கள். நெருக்கடி நிலை நீடிக்கும்வரை, காவல் உத்தரவு சட்டவிரோதமானது என்றாலும், கெட்ட எண்ணத்தோடு போடப்பட்டது என்றாலும், அதை எதிர்த்துக் கோர்ட்டுக்குப் போக எவருக்கும் உரிமையில்லை என்பதே அந்தத் தீர்ப்பு. அதற்கு மாறாகப் பல ஐகோர்ட்டுகள் சொல்லியிருந்த தீர்ப்புகள் தள்ளப்பட்டன.

அந்த வழக்கின் வாதத்தில் நீதிபதி எச்.ஆர். கன்னா சர்க்கார் வக்கீலாகிய அட்டர்னி ஜெனரலிடம் ஒரு கேள்வி கேட்டார். ஒரு போலீஸ் அதிகாரி சொந்தப் பகை காரணமாக ஒருவரைக் கொன்றுவிட்டால், அப்போதும் பரிகாரம் கிடையாதா என்பது கேள்வி. நெருக்கடி நிலை இருக்கும்வரை கோர்ட்டில் பரிகாரம் கிடையாது என்பதே பதிலாக வந்தது.

"நான் குற்றம் செய்யாதவன், எனக்கென்ன பயம்?" என்று சொல்லும் சகோதரரே, இந்தப் பதிலை இன்னொரு முறை படித்துப் பாருங்கள். கோர்ட்டுக் கதவு அடைபட்டுவிட்டால், நீங்கள் குற்றம் செய்தவரா செய்யாதவரா என்ற விசாரணையே நடக்காது. நிரபராதி என்பது யாரிடம் போய்ச் சொல்வதற்கு?

ஐந்தாவது நீதிபதியாகிய கன்னா மட்டும் மாறாகத் தீர்ப்பெழுதினார். உயிரும் சுதந்திரமும் அரசியல் சட்டம் கொடுத்த பிச்சையல்ல. 21-வது ஷரத்து எழுதப்படாமலே இருந்தாலும், சட்டத்தின் ஆதாரமின்றி ஒருவருடைய உயிரையோ சுதந்திரத்தையோ பறிக்க அரசாங்கத்துக்கு அதிகாரமில்லை என்பது அவருடைய கருத்தின் சாரம். சிங்கராயர் பாப்பரசர் போதித்ததற்கும் இதற்கும் உள்ள ஒற்றுமையைக் கவனியுங்கள். கொடுக்காததை எடுக்க முடியாது. உயிரைக் கொடுத்தவர் சர்வேசுரன்.

இதற்கு அவர் கொடுத்த விலை பெரிது. 1977 ஜனவரியில் பிரதம நீதிபதி பதவி முறைப்படி அவருக்கு வரவேண்டியது. அவரைத் தாண்டி அவருக்கு இளையவர் நியமிக்கப்பட்டார். கன்னா இராஜிநாமா செய்தார்.

1977 மார்ச்சில் நெருக்கடி நிலை நீங்கியது. கதவு திறந்த உடனே கோழிக்கோட்டுத் தகப்பனார் கேரள ஐகோர்ட்டில் ஆட்கொணர்வு மனுப் போட்டார். நாங்கள் அந்த மாணவனைப் பிடிக்கவேயில்லை என்று சர்க்கார் தரப்பில் சொல்லப்பட்டது. கோர்ட்டு சாட்சிகளை விசாரித்து, அவன் போலீஸ் காவலில் இருந்தது உண்மை என்று கண்டது. அவன் காவலிலேயே இறந்துவிட்டான் என்பது பின்னர் வெளியாயிற்று. நெருக்கடி நிலையின்போது உள்துறை மந்திரியாயிருந்து, அப்போதுதான் முதல் மந்திரியானவர், ஒரு மாதத்துக்குள் பதவி விலக நேரிட்டது. மகனுடைய சடலம்கூடத் தகப்பனாருக்குக் கிடைக்கவில்லை.

அந்த மனுவால் மகன் திரும்பி வரவில்லை என்பது உண்மைதான். ஆனால் ஓராண்டுக் காலம் ஒருவரும் பதில் சொல்லாத கேள்விக்குச் சில வாரங்களில் அரசாங்கம் பதில் சொல்ல வேண்டியதாயிற்று. "என் பிள்ளை எங்கே?" என்று ஒரு சாமானியன் கேட்டால் அரசாங்கம் பதில் சொல்லியே தீரவேண்டும். அதுதான் சுதந்திரத்தின் அடிப்படை. மற்றவையெல்லாம் அதன்மேல் கட்டப்பட்டவை.

5. சில கேள்விகளும் பதில்களும்

கேள்வி: தேசத்துக்கு ஆபத்து வந்தால் அரசாங்கம் கடுமையாக நடக்க வேண்டாமா?

பதில்: நடக்கலாம். யுத்தம், கலகம், கொள்ளைநோய் முதலியவற்றில் வழக்கத்துக்கு மிஞ்சிய அதிகாரம் தேவைப்படும். ஆனால் ஆபத்துக் காலத்திலும் அதிகாரி கணக்குக் கொடுக்க வேண்டியவரே. இந்தப் பாடத்தை நம் தேசம் கற்றுக்கொண்டது. 1978-ம் ஆண்டின் 44-வது அரசியல் சட்டத் திருத்தம், உயிரையும் தனி மனித சுதந்திரத்தையும் காக்கும் 21-வது ஷரத்தை நெருக்கடி நிலையிலும் நிறுத்திவைக்க முடியாதபடி செய்தது. உள்நாட்டுக் குழப்பம் என்ற காரணத்தை நீக்கி, ஆயுதக் கிளர்ச்சி என்று குறுக்கியது. 2017 ஆகஸ்ட் 24-ந் தேதி ஒன்பது நீதிபதிகள் அடங்கிய சுப்ரீம் கோர்ட்டு, 1976-ம் ஆண்டுத் தீர்ப்பு தவறானது என்று அதைத் தள்ளிவிட்டது. அன்று பெரும்பான்மையோடு சேர்ந்திருந்த ஒரு நீதிபதியின் மகனும் அந்த ஒன்பதின்மரில் ஒருவர். தகப்பனாரின் தீர்ப்பைத் தள்ளி எழுதியவர் அவரே.

கேள்வி: சுதந்திரம் என்றால் அவரவர் இஷ்டம்போல் நடப்பதா?

பதில்: அல்ல. பிறரை மிதிப்பதற்கு யாருக்கும் சுதந்திரம் இல்லை. தீண்டாமையை 17-வது ஷரத்து ஒழித்திருக்கிறது. "என் கடை, என் தெரு, என் இஷ்டம்" என்று ஒரு சகோதரனை ஒதுக்கிவைப்பவன் சுதந்திரத்தைப் பற்றிப் பேசத் தகுதியற்றவன். அந்த இடத்தில் அரசாங்கம் கைநீட்டித் தடுப்பது அதன் எல்லைக்குட்பட்ட கடமை.

கேள்வி: அநீதியான சட்டத்துக்குக் கீழ்ப்படிய வேண்டுமா?

பதில்: பாவத்தைச் செய்யும்படி கட்டளையிடும் சட்டத்துக்கு ஒருபோதும் கீழ்ப்படியலாகாது. பாவத்தைக் கட்டளையிடாமல், அநியாயமான பாரத்தை மட்டும் சுமத்தும் சட்டத்தை, பெருங்கலகம் நேராதபடி பொறுத்துக்கொள்ள வேண்டிய சமயமும் உண்டு. ஆனால் அதை மாற்ற வோட்டு, மனு, வழக்கு, பேச்சு, எழுத்து ஆகிய நேரிய வழிகளிலெல்லாம் உழைப்பது நம் கடமை.

6. நாம் செய்யவேண்டியது

முதலாவது, உங்கள் உரிமைகளைத் தெரிந்துகொள்ளுங்கள். வீட்டிலுள்ள பிள்ளைகளுக்கும் சொல்லிக்கொடுங்கள். கைது செய்யப்படுபவருக்குக் காரணம் சொல்லப்பட வேண்டும். விரும்பிய வக்கீலைக் கலந்துகொள்ள விடவேண்டும். பிரயாண நேரம் போக 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்டிரேட்டு முன் நிறுத்த வேண்டும். இவை 22-வது ஷரத்தின் விதிகள். கைதைப் பற்றி உறவினர் அல்லது நண்பர் ஒருவருக்குத் தகவல் தரவேண்டும் என்று சுப்ரீம் கோர்ட்டு 1996-ல் கட்டளையிட்டிருக்கிறது. குண்டர் சட்டம் போன்ற தடுப்புக் காவலுக்கு விதி வேறு. ஆனால் ஆட்கொணர்வு மனு அவர்களுக்கும் உண்டு. பணமில்லையே என்று கலங்க வேண்டாம். காவலில் இருப்பவர் எவரும் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு மூலம் இலவசமாக வக்கீல் உதவி பெறலாம்.

இரண்டாவது, பக்கத்து வீட்டுக்காரருக்கு அநியாயம் நேரும்போது வாய்மூடி இராதேயுங்கள். அவர் நமது ஜாதியல்ல, நமது மதமல்ல, நமது கட்சியல்ல என்று ஒதுங்கினால், நம் முறை வரும்போது நமக்காகப் பேச ஆளிருக்காது.

மூன்றாவது, நம்மால் ஆவதை நாமே செய்வோம். தெருவில் ஒரு நோயாளியைப் பார்த்துக்கொள்ள, படிக்கும் பிள்ளைக்குப் புத்தகம் வாங்கிக் கொடுக்க, இரண்டு வீட்டாரின் வாய்க்கால் சண்டையைத் தீர்த்துவைக்கச் சர்க்கார் உத்தரவு எதற்கு? நமது வின்சென்ட் தே பவுல் சபையும் மாதர் சபையும் கூட்டுறவுச் சங்கமும் உயிரோடிருந்தால், அரசாங்கம் புகவேண்டிய இடம் தானாகவே குறையும். எல்லாவற்றையும் அதன் தலையில் போட்டுவிட்டு, எல்லாவற்றிலும் கை வைக்கிறதே என்று பிற்பாடு புலம்புவது நியாயமல்ல.

கடைசியாக, ஆளுகிறவர்களுக்காக ஜெபியுங்கள். அவர்களும் ஒருநாள் சகலருக்கும் மேலான நடுவர் முன் நின்று கணக்குக் கொடுக்க வேண்டியவர்களே. அதை அவர்கள் மறவாதிருக்கவும், நாம் அதை அவர்களுக்கு நினைப்பூட்டத் தயங்காதிருக்கவும் ஆண்டவர் அருள் புரிவாராக.